அவராகவே நடித்தவர்

சாவு வீட்டில் ஒப்பாரி பாடிப் பிழைத்தவன் நான். குடவாசல் சுற்றுவட்டாரத்தில் யார் இறந்தாலும் கூப்பிட்டு அனுப்புவார்கள். இறந்தவர் அந்த வீட்டுக்கு என்ன உறவோ, அந்த உறவைச் சொல்லி அழ வேண்டும். பெரியவர் என்றால் ‘என்னைப் பெத்த அப்பா’, பிள்ளை என்றால் ‘நான் பெத்த மகனே’. ஆனால் சாவு இல்லாத இடத்தில் வாயைத் திறக்கக் கூடாது. எங்களுக்குள் அது கண்டிப்பு.

சென்னையிலிருந்து சின்னதாகப் படம் எடுக்க வந்த இயக்குநர் ஒருவர், என்னை நானாகவே நடிக்கச் சொன்னார். என் மகன் துபாயில் கம்பி கட்டிச் சம்பாதித்து ஊரில் எழுப்பிய மாடி வீடு அவருக்குப் பிடிக்கவில்லை. வயலில் பம்புசெட் கொட்டகையில் உட்கார வைத்து, “யாரையாவது நெனச்சுப் பாடுங்கய்யா” என்றார். கேமராவைக் கண்ட மயக்கத்தில் கண்டிப்பெல்லாம் பறந்துவிட்டது. கடல் தாண்டிப் போன மகனைப் பறிகொடுத்ததாகப் பாடித் தொலைத்தேன். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, “எப்பங்கய்யா தவறினாரு?” என்று கேட்டார். பிள்ளை நன்றாக இருக்கிறான் என்று சொல்ல எவ்வளவு நேரம் ஆகும்? தலையைக் குனிந்துகொண்டேன்.

அந்தப் படம் வெளிநாட்டு விழாவில் பரிசு வாங்கியது. என் பெயருக்கு எதிரே ‘அவராகவே’ என்று போட்டிருந்தார்கள். அதன்பிறகு மூன்று படங்கள், மூன்று இயக்குநர்கள். எல்லாருக்கும் அந்தச் செத்த மகன்தான் வேண்டியிருந்தது. நானும் கூச்சமில்லாமல் அவனைச் சாகடித்தேன். கைத்தட்டல் அப்படி ருசித்தது. வீட்டில் சாமி பாட்டு பாடுகிறேன் என்று சொல்லிவைத்திருந்தேன். மகன் காதுக்கு மட்டும் போய்விடக் கூடாதே என்பதுதான் ஒரே பயம். இதை எழுதும்போதுகூட உடம்பு கூசுகிறது.

ஐந்தாவது படத்தின்போது அவன் விடுப்பில் வந்திருந்தான். கொட்டகையில் நான் மாரடித்து அழுதுகொண்டிருந்தேன். எல்லாருக்கும் டீ எடுத்துக்கொண்டு வரப்பில் வந்தவன் பாட்டைக் கேட்டு அப்படியே நின்றான். நான் பார்த்தேன். நிறுத்தியிருக்கலாம், நிறுத்தவில்லை. அன்றைக்கு வந்த அழுகை அதற்கு முன் வந்ததே இல்லை.

பாட்டு முடிந்ததும், படம் எடுத்த பெண் திரும்பிப் பார்த்து, “இவரு யாருங்கய்யா?” என்றாள்.

“பக்கத்து வீட்டுப் பையன்மா.”

அவன் டீயை ஊற்றி ஒவ்வொருவருக்கும் கொடுத்தான். கடைசியாக என்னிடம் வந்து டம்ளரை நீட்டினான்.

“எடுத்துக்குங்க, பெரியப்பா” என்றான்.