பரம்பரை விசிலைக் கண்டுபிடித்தவள்

பழங்குடிச் சங்கத் தலைவிக்கு ஐம்பத்திரண்டு வயது. பகலெல்லாம் நில மனு, சாலை மனு, சாயங்காலமானால் சினிமா. சைக்கிள் கடைக்கு மேலே இருக்கும் சங்க அறையில் மனுக்கட்டுகளை ஓரந்தள்ளி ஒரு கம்ப்யூட்டர் வைத்திருக்கிறாள். ஒலி சரிபார்க்கும்போது இரைச்சல் கூடாதென்று மின்விசிறியை நிறுத்திவிடுவாள். அப்படி வேர்த்து வழிந்தே தன் மக்களின் பாட்டையும் ஆட்டத்தையும் நாற்பத்தொரு படமாக்கிவிட்டாள். யாரும் சொல்லித் தரவில்லை. கெடுத்துக் கெடுத்துக் கற்றுக்கொண்டது.

வட்ட ஆட்டப் படத்துக்குத் தொலைக்காட்சியில் அரைமணி நேரம் கிடைத்தது. கலைத்துறை அதிகாரி, 'அசல்' என்று கையெழுத்துப் போட்டால் போதும். அவர் சங்க அறைக்கு வந்து, கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்தபடி முழுசாகப் பார்த்தார்.

"பிரமாதம்மா. ஆனா உங்க பரம்பரை விசில் எங்க? எங்க கையேட்டுல அதுக்குத் தனி அத்தியாயமே இருக்கு."

"நானும் அதைத்தான் சார் கேட்டேன்," என்றான் தலைவியின் தம்பி. குழுவின் விசில்காரன் அவன்தான். கழுத்தில் வெள்ளி விசில் வேறு.

அந்தப் பரம்பரைக்கு வயது இருபத்தெட்டு. ஆரம்பித்து வைத்த புண்ணியவதி தலைவியேதான்.

அவர்கள் வட்டத்துக்குள் முகம் பார்த்து ஆடுகிறவர்கள். அடி மாறப்போகிறது என்பதை ஒரு புருவம் அடுத்த புருவத்துக்குச் சொல்லும். ஒரு வரவேற்பு விழாவில், விருந்தாளிக்கு முதுகு காட்டக் கூடாதென்று எல்லோரையும் வெளிப்பக்கம் திருப்பிவிட்டார்கள். புருவம் தெரியாமல் ஆளுக்கொரு அடி போட்டார்கள். மானம் போகிறதே என்று, அங்கே நின்ற விளையாட்டு வாத்தியாரின் விசிலைப் பிடுங்கி, அடி மாறும்போதெல்லாம் இவள் ஊதினாள். கைதட்டல் பிய்த்துக்கொண்டு போனது. பிறகு விருதும் வந்தது. அந்த விழா வீடியோவைப் பார்த்துக் கற்ற பிள்ளைகளுக்கு விசில்தான் வேதம். புருவம் தெரிந்தவர்கள் இன்று ஏழே பேர். படத்தில் ஆடுவது அந்த ஏழு பேர்தான்.

"விசில் சத்தத்தை மேல ஒட்டிடுங்கம்மா. அஞ்சு நிமிஷ வேலை."

ஒட்டினால் படம் ஊரெல்லாம் ஓடும். புருவம் அதோடு போய்ச் சேரும்.

"காமிராவை என் பக்கம் திருப்புடா," என்றாள் தம்பியிடம். நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னாள், தன் திருட்டுக்குத் தானே சாட்சியாக. "இதுதான் சார் படத்தோட ஆரம்பம்."

"உங்க விருது என்னாகும்? எங்க கையேடு என்னாகும்?"

"விருது சுவத்துல ஓட்டையை மறைக்குது, இருக்கட்டும். கையேட்டுக்கு மறுபதிப்பு போட்டுக்குங்க."

அதிகாரி நின்றிருந்த மின்விசிறியைப் பார்த்தார், அவளைப் பார்த்தார், கையெழுத்துப் போட்டார். நேர்மைக்கா, காற்றுக்கா, கேட்கவேண்டாம்.

"அப்ப என் கதி என்னக்கா?" என்றான் தம்பி.

"ரெண்டு புருவம் சும்மாதானே கிடக்கு? பொழச்சுக்கோ."

படம் ஒளிபரப்பான வாரம், பயிற்சிக்கு முப்பது பேர் வந்தார்கள். புருவம் தெரிந்த ஏழு பேரையும் அவர்களுக்கு இடையிடையே நிற்கவைத்து, எல்லோரையும் உள்பக்கம் திருப்பினாள். முதல் மாற்றத்திலேயே நாலு பேர் முட்டிக்கொண்டார்கள். தம்பி நெற்றி மொத்தத்தையும் தூக்கிப் பார்த்தான். ஒருத்தி சிரித்தே உட்கார்ந்துவிட்டாள். தலைவி காமிராவோடு வட்டத்தின் நடுவில் நின்று, யார் யாரைப் பார்க்கத் தவறினார்கள் என்று பதிவுசெய்துகொண்டிருந்தாள்.