குள்ளனைப் பிடித்த அண்ணன்

ஓமான் நாட்டு சோஹார் துறைமுகத்தில் சாரம் கட்டும் கார்மேகத்துக்கு உயரம் நாலரை அடி. கேலி கேட்டுக் கேட்டு அவன் காது மரத்துப்போயிருந்தது. 2006-ல் கம்பெனி ஆண்டு விழாவுக்காக அயர்லாந்து எஞ்சினியர் ஒரு சிரிப்புப் படம் எடுத்தார். அதில் குடியானவன் வேஷம் அண்ணன் மணிமாறனுக்கு என்று தெரிந்ததுமே, குள்ளன் வேஷத்துக்கு இவனாகப் போய் நின்றான்.

அது எஞ்சினியர் ஊர்க் கதை. புதையல் வைத்திருக்கும் குள்ளனைப் பிடித்த குடியானவன், அவன் மேலிருந்து கண்ணை எடுக்கக் கூடாது. எடுத்தால் குள்ளன் மாயமாகிவிடுவான். ஊமைப் படம் என்பதால் குரல் பதிவு கிடையாது.

அண்ணனும் தம்பியும் ஒரே கேம்ப். ஆனால் மூன்று வருஷமாகப் பேச்சில்லை. தங்கை நாகஜோதி வேற்றுச் சாதிப் பையனைக் கட்டியபோது, லீவில் போயிருந்த கார்மேகம் சாட்சிக் கையெழுத்துப் போட்டான். அன்றோடு இரண்டு பேரையும் தலைமுழுகிவிட்டான் மணிமாறன். என்ன வீம்போ, கண்றாவி! இப்போது அவள் மதுரை ஆஸ்பத்திரியில் கிடக்கிறாள். டாக்டர்கள் கைவிரித்துவிட்டார்கள். பெரியண்ணன் குரலை ஒரு தடவை கேட்க வேண்டும் என்கிறாள். கார்மேகம் பேச்செடுக்கப் போனால் மணிமாறன் எழுந்து வெளியே போய்விடுகிறான்.

வெள்ளிக்கிழமை காலை, ஒட்டுத்தாடியோடு நின்ற கார்மேகத்தின் சட்டையைக் கொத்தாகப் பிடித்து மணிமாறன் முறைத்தான். கேமரா ஓடியது.

"அண்ணே, ஜோதி பொழைக்க மாட்டாண்ணே. ஒரு போன் போடுண்ணே."

மணிமாறன் முகத்தைத் திருப்பிக்கொண்டான். "கட்!" என்று கத்திய எஞ்சினியர் மறுபடி எடுக்கச் சொன்னார். கார்மேகமும் மறுபடி கெஞ்சினான். சுற்றி நின்ற பாகிஸ்தானிகளுக்கும் பெங்காலிகளுக்கும் தமிழ் தெரியாது. தாடியோடு அழுகிறவனைப் பார்த்து விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

நாலாவது தடவை அவன் கெஞ்சவில்லை.

"நேத்து அவ சொன்னதச் சொல்லிர்றேன். 'அண்ணன் கோவமாவே இருக்கட்டும். வேளாவேளைக்குச் சாப்பிடுதான்னு மட்டும் பாத்துக்க'ன்னா."

சட்டையைப் பிடித்த கை தளர்ந்தது.

"நம்பரப் போடு," என்றான் மணிமாறன்.

ஜோதியின் புருஷன்தான் எடுத்தான். மணிமாறன் இத்தனை வருஷம் பேர்கூடச் சொல்லாத ஆள் அவன். "மாப்ள, நான் மணிமாறன்," என்றான்.

"மச்சான்! அவளால பேச முடியல. காதுல வைக்கிறேன், நீங்க பேசுங்க."

மணிமாறன் வாயைத் திறந்தான். உதடு அசைந்தது, சத்தம் வரவில்லை. மறுபடி முயன்றான். வெறும் காற்றுதான் வந்தது. கார்மேகம் அவன் தோளைப் பிடித்து உலுக்கினான்.

"பேசுண்ணே! ஜோதின்னு ஒரு தடவ கூப்பிடு, போதும். கேட்டுக்கிட்டு இருக்காண்ணே!"