ரெடிமேட் அக்காவின் ஐம்பத்திரண்டு டேப்புகள்

எங்கள் தொழிலில் அவருக்கு ரெடிமேட் என்று பெயர். எந்த அளவு கேட்டாலும் கையில் இருக்கும் என்பதால் வந்த பட்டம். முகத்துக்கு நேரே யாரும் சொல்ல மாட்டோம். நேரே என்றால் அக்காதான். தொலைக்காட்சி நிலையத்தில் ஸ்டாப்வாட்ச் பிடிக்கும் உதவியாளராகச் சேர்ந்தவர், செய்தி, பொம்மலாட்டம், பல் மருத்துவர் பேட்டி என்று கொடுத்ததையெல்லாம் இயக்கினார். பிறகு சினிமாவுக்கு வந்து ஒரு பேய்ப் படம், இரண்டு நகைச்சுவைப் படங்கள், ஒரு போலீஸ் கதை எடுத்தார். பேயாக நடித்தவருக்குத் தும்மல் நிற்காமல் போனபோது படப்பிடிப்பை நிறுத்தவில்லை. தும்முகிற பேயாகவே எடுத்துவிட்டார். தியேட்டரில் ஜனம் அதற்குத்தான் அலறியது. "எனக்கு இது மட்டுந்தான் வரும்னு சொல்ற வசதியெல்லாம் நமக்குக் கிடையாது" என்பார். இருபத்தாறு வருஷம் அவருக்கு எடிட்டராக இருந்தவன் நான்.

ஆனால் தன்னுடையது என்று அவர் மனசுக்குள் வைத்திருந்தது ஒன்றே ஒன்றுதான். ஒரு கட்டடத்தின் மூன்றாம் மாடியில் குடியிருக்கும் ஐந்து குடும்பங்களின் கதை. வாரம் ஒன்றாக ஐம்பத்திரண்டு பகுதிகள். நான் சேர்வதற்கு முன்பே ஒளிபரப்பாகி முடிந்த தொடர் அது. அதில் ஒரு வீட்டில் கணவன் மனைவியாக வந்தவர்கள் நிஜத்திலும் அப்படியே. அந்தக் கணவர் ஒரு வங்கியில் குமாஸ்தா. அதற்கு முன்னும் பின்னும் நடித்ததில்லை. சில வருஷங்களில் மாரடைப்பில் போய்விட்டார். மனைவி தொடர்ந்து நடித்தார். அக்காவின் எல்லாப் படங்களிலும் அவர் இருப்பார்.

அக்காவுக்கு அறுபத்துமூன்று வயதானபோது ஒரு திரைப்படச் சங்கத்தார் பாராட்டு விழா நடத்த முன்வந்தார்கள். எந்தப் படத்தைப் போடலாம் என்று கேட்டதற்கு, மாடிக் கதையில் இரண்டு பகுதிகள் போதும் என்றார். டேப்பை வாங்கிவர நாங்கள் இருவரும் நிலையத்துக்குப் போனோம்.

டேப் கிடங்கு அடித்தளத்தில் இருந்தது. அங்கே பொறுப்பில் இருந்த பெண்மணி இரும்பு அலமாரியைத் திறந்தார். ஐம்பத்திரண்டும் வரிசை குலையாமல் நின்றன. ஒவ்வொரு பெட்டியிலும் அக்காவின் கையெழுத்தில் வாரத்தின் எண். முதல் டேப்பை ஓட்டினோம். திரையில் நான்கு பள்ளிப் பிள்ளைகள் மணியில் கை வைத்து உட்கார்ந்திருந்தார்கள். உடம்பிலேயே நீளமான எலும்பு எது என்று ஒரு குரல் கேட்டது.

"இது என் வினாடி வினா ஆச்சே" என்றார் அக்கா.

பெட்டி மாறியிருக்கும் என்று அடுத்ததைப் போட்டோம். அதே பிள்ளைகள், இரண்டாம் சுற்று. ஒன்பதாவதைப் போட்டோம், இருபதாவதைப் போட்டோம். கடைசி டேப்பில் பரிசுக் கோப்பையைத் தூக்கிக்கொண்டு ஒரு சிறுமி சிரித்தாள். டேப் தீர்ந்து திரை கறுத்த பிறகும் அக்கா அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

பொறுப்பாளர் பழைய பதிவேடு ஒன்றைத் தேடி எடுத்துவந்தார். தொடர் முடிந்த வருஷம் புது டேப் வரத்து நின்றுபோயிருக்கிறது. வினாடி வினாவோ ஒரு வாரத்தில் தொடங்க வேண்டும். கீழ்க்கண்ட டேப்புகளை அழித்து மறுபடி பயன்படுத்தலாம் என்று எழுதி, கீழே எண்கள், அதற்கும் கீழே ஒரு கையெழுத்து. அதை ஆயிரம் தாள்களில் பார்த்தவன் நான்.

அக்கா கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி படித்தார். டேப் வேண்டுமென்றால் இதில் கையெழுத்துப் போடுங்கள் என்று யாரோ நீட்டியதும், படப்பிடிப்பு அவசரத்தில் படிக்காமல் போட்டதும் மெல்ல அவருக்கு நினைவு வந்தது. படியேறும்போது பாதியில் நின்றார்.

"வேற யாராச்சும் பண்ணியிருந்தா போய்ச் சண்டையாவது போட்டிருப்பேன்" என்றார். "இப்ப நான் யார்கிட்ட போறது?"

மாடிக் கதையில் மனைவியாக வந்தவர் விழாவுக்கு வருவதாகச் சொல்லியிருந்தார். அந்த நடிகையிடம் விஷயத்தைச் சொல்லியாக வேண்டும். மறுநாள் காலையில் அவர் வீட்டுக்குப் போனோம். முழங்கால் அறுவை சிகிச்சை முடிந்து, காலை ஒரு முக்காலியில் நீட்டி உட்கார்ந்திருந்தார். அக்கா திக்கித் திணறிச் சொல்லி முடித்தார். "தெரியும்" என்றார் நடிகை.

கணவர் இறந்த அடுத்த மாதமே அவர் நிலையத்துக்குப் போயிருக்கிறார். மனுஷன் நடந்து வருவதை ஒரு தடவை பார்த்துவிட வேண்டும் என்று ஆசை. அதே பதிவேட்டைத்தான் அவருக்கும் காட்டியிருக்கிறார்கள்.

அக்கா நிமிர்ந்து பார்த்தார். "இருபத்தஞ்சு வருஷமாவா? ஏன் எங்கிட்ட சொல்லல?"

"மொதல்ல உன் மூஞ்சியப் பாக்கவே பிடிக்கல. அப்புறம் பேய்ப் படத்துக்குக் கூப்பிட்ட. பொண்ணு படிச்சிட்டிருந்தா, வேலை வேணும், வந்தேன். வந்து பார்த்தா உனக்கு எதுவுமே தெரியல. அதுவரைக்கும் நீ தெரிஞ்சே பண்ணினதாத்தான் நெனச்சிட்டிருந்தேன்." தண்ணீரை எடுத்து ஒரு வாய் குடித்தார். "அதுக்கப்புறம் சொல்ல மனசு வரல."

எத்தனை க்ளோசப்புகள். அந்த முகத்தை அக்கா படம் பிடித்தார், நான் வெட்டி ஒட்டினேன். எங்கள் இரண்டு பேர் கண்ணிலும் அது படவே இல்லை.

சங்கத்தார் பேய்ப் படத்தையே போட்டுவிடலாம் என்றார்கள். அக்கா கேட்கவில்லை. விழாவில் வினாடி வினாவின் முதல் ஐந்து நிமிடத்தைப் போடச் சொன்னார். ஏதோ வேடிக்கை என்று கூட்டம் சிரித்தது. அவர் ஒலிவாங்கியை வாங்கி, "இதுக்கு அடியில ஒரு தொடர் இருந்துச்சு. அத அழிச்சது நான்தான்" என்று மட்டும் சொல்லிவிட்டு இறங்கினார். யாரோ ஒருவர் கைதட்டத் தொடங்கி, பாதியில் நிறுத்திக்கொண்டார்.

திரும்பும்போது வண்டியை நான் ஓட்டினேன். பின்னால் அக்காவும் நடிகையும் ஆளுக்கொரு ஜன்னல் பக்கம் பார்த்து உட்கார்ந்திருந்தார்கள். பாதி தூரம் போன பிறகு நடிகை கேட்டார்: "பதினாலாவது வாரம் அவர் மாடியிலேர்ந்து எறங்கி வருவாரே, அத எப்படி எடுத்த?"

அக்கா கண்ணை மூடிக்கொண்டு சொன்னார். கேமரா கீழ்ப்படியில் இருந்தது. முதலில் செருப்புச் சத்தம் மட்டும் கேட்கும். பிறகு கால் தெரியும், அக்குளில் இடுக்கிய குடை தெரியும், கடைசியாகத்தான் முகம்.

"குடையா? கையில பால் பாட்டில்தான் இருந்துச்சு."

"குடைதான். நானே எடுத்துக் குடுத்தேன்."

"கட்டிக்கிட்டவ நான், எனக்குத் தெரியாதா?"

நடிகையின் வீடு வந்து சேர்ந்தும் இரண்டு பேரும் இறங்கவில்லை, விட்டுக்கொடுக்கவும் இல்லை. நான் இன்ஜினை அணைத்துவிட்டுக் காத்திருந்தேன்.