கிளிசரின் போடாத அழுகை

ஜேட்டு போய்விட்டார்.

இன்று காலை. டீ கொடுக்கப் போன ஆயாதான் பார்த்திருக்கிறார். நூறைத் தொட இன்னும் கொஞ்சம்தான் இருந்தது...

காளிகாட்டில் எங்களுக்குக் கீழ் ஃப்ளாட். ஜேட்டு என்றால் பெங்காலியில் பெரியப்பா. நான் அவருக்கு 'போமா', மருமகள்.

பேசாத படக் காலத்தில் குழந்தை நட்சத்திரம். வளர்ந்து டைரக்டர் ஆனார். மொத்தம் நாலு படம். டிவியில் கீழே ஒரு வரி ஓடியது, அதிலும் வயதைத் தப்பாகப் போட்டிருந்தார்கள்.

வீட்டுக்காரரின் துறைமுக டிரான்ஸ்ஃபரில் நாங்கள் இங்கே வந்த புதிதில் எனக்கு ஒரு வார்த்தை பெங்காலி தெரியாது. தண்ணீர் எப்போது வரும், எந்த மீன்காரன் ஏமாற்றுவான், எல்லாவற்றையும் மாடிப்படியில் நின்று முகத்தாலும் கையாலும் நடித்தே காட்டினார். ஏமாற்றும் மீன்காரனாக அவர் செய்ததைப் பார்த்து இந்த ஊரில் முதல் முறையாகச் சிரித்தேன்.

ஆனால் நான் எழுத வந்தது வேறு.

போன வருஷம் அவர் டைரக்ட் செய்த படத்து சீன் ஒன்றை யாரோ யூடியூபில் போட்டிருந்தார்கள். ரயில்வே பிளாட்பாரத்தில் ஆறு வயதுப் பெண் குழந்தை நின்று அழும். ஃபோனோடு கீழே ஓடினேன்.

"ஜேட்டு, இந்தக் குழந்தை என்னமா நடிச்சிருக்கு!"

கொஞ்ச நேரம் பார்த்தார். "நிறுத்து போமா" என்றார்.

இரண்டு நாள் கழித்து அவரே கூப்பிட்டுச் சொன்னார். பாதி பெங்காலி, பாதி இங்கிலீஷ்... தமிழில் எழுதுகிறேன்.

"எனக்கு அஞ்சு வயசு. அழுற சீன், அழுகை வரல. டைரக்டர் வந்து, உங்கம்மா டிராம்ல அடிபட்டு செத்துட்டாங்கன்னு சொன்னார். அப்பெல்லாம் சத்தம் ரெக்கார்ட் ஆகாதே... கேமரா ஓட ஓட கத்திக்கிட்டே இருந்தார். செத்துட்டாங்க, செத்துட்டாங்க, இந்தப் பக்கம் திரும்பி அழுன்னு."

"ஐயோ... அம்மா எங்க இருந்தாங்க?"

"செட்டுக்குப் பின்னாடி. அவங்களுக்கும் தெரியும். சரின்னு சொல்லிட்டுத்தான் நின்னாங்க."

ஃபேனையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அந்தப் பொண்ணுகிட்ட நானும் அதையே செஞ்சேன் போமா. வெளிச்சம் போயிட்டிருந்தது. உங்கம்மா உன்னை விட்டுட்டு ரயில் ஏறிட்டா, இனிமே வரமாட்டான்னு காதுல சொன்னேன். எப்படி இருக்கும்னு தெரிஞ்சேதான் சொன்னேன்."

அந்த வீடியோவுக்குக் கீழே 'இது என் அம்மா' என்று ஒரு பெண் பெருமையாக கமெண்ட் போட்டிருந்தாள். அதை நான் ஜேட்டுவிடம் சொல்லித் தொலைத்தேன். அன்றிலிருந்து ஒரே பிடிவாதம். அந்தக் குழந்தையைப் பார்க்கணும், மன்னிப்புக் கேட்கணும்.

ஜேட்டுவைக் கவனித்துக்கொண்ட அவர் தம்பி மகன் முடியவே முடியாது என்றார். நான்தான் கமெண்ட் போட்ட பெண்ணிடம் நம்பர் வாங்கினேன். டைரக்டர் உங்கள் அம்மாவைப் பார்க்க ஆசைப்படுகிறார் என்று மட்டும் சொன்னேன். எதற்கு என்று சொல்லவில்லை...

நியூ டவுன். பதினாலாவது மாடி. அந்தக் குழந்தை இப்போது அறுபதைத் தாண்டிய மாலதி தீதி. பட்டுப் புடவை கட்டிக்கொண்டு வாசலிலேயே காத்திருந்தார். ஜேட்டுவின் காலைத் தொட்டுக் கும்பிட்டார். பாயசம் செய்து வைத்திருந்தார்.

"கிளிசரின் போடாம அழுதேன்! ஆறு வயசுல! இவங்க எல்லார்கிட்டயும் எத்தனை தடவை சொல்லியிருப்பேன்" என்று மகளையும் பேத்தியையும் காட்டிச் சிரித்தார். "நீங்க காதுல ஏதோ சொன்னீங்க. என்னன்னு ஞாபகம் இல்ல. உடனே அழுதுட்டேன்."

அந்த இடத்திலேயே ஜேட்டுவின் கையைப் பிடித்து நிறுத்தியிருக்க வேண்டும் நான்.

அவர் சொல்லிவிட்டார். எல்லாவற்றையும். கை கூப்பிக்கொண்டே.

மாலதி தீதி மகளை ஒரு தடவை பார்த்தார். பிறகு கேட்டார்.

"அப்போ நான் நடிக்கவே இல்லையா?"

 

எழுந்து உள்ளே போனவர் திரும்பி வரவில்லை. லிஃப்ட் வரை மகள்தான் வந்தாள். "இதைச் சொல்லவா இவ்வளவு தூரம் வந்தீங்க?" அவரைப் பார்த்துக் கேட்கவில்லை. என்னைப் பார்த்துக் கேட்டாள்.

திரும்பும் வழியில் கரியாஹாட் சிக்னலில் கார் நின்றபோதுதான் ஜேட்டு வாய் திறந்தார்.

"சொல்லாமலே செத்திருக்கணுமோ, போமா?"

"தெரியல ஜேட்டு."

வேறு ஏதாவது சொல்லியிருக்கலாம்.

மறுநாள் பார்த்தால் அந்த கமெண்ட் இல்லை. மகள் அழித்துவிட்டிருந்தாள்.

அதற்கப்புறம் மூன்று மாதம். பேப்பர் கேட்பதை நிறுத்தினார். சாப்பாடு பாதியானது. நான் போனால் "வா" என்பார், அவ்வளவுதான். அந்த வீட்டைப் பற்றி அவரும் பேசவில்லை, நானும் பேசவில்லை.

மத்தியானம் சுடுகாட்டில் எட்டுப் பேர் இருந்தோம். சினிமாக்காரர்கள் யாரும் வரவில்லை. வருவதற்கு உயிரோடு யாரும் இல்லை என்றார் தம்பி மகன்.

வீட்டுக்கு வந்து குளித்துவிட்டு மாலதி தீதிக்கு ஃபோன் செய்தேன். எடுக்க மாட்டார் என்று நினைத்தேன். எடுத்தார். விஷயத்தைச் சொன்னேன்.

"கஷ்டப்பட்டாரா?"

"இல்ல தீதி. தூக்கத்துலயே..."

"எல்லாம் முடிஞ்சாச்சா?"

"முடிஞ்சாச்சு."

"சரி" என்றார். வைத்துவிட்டார்.

ஜேட்டு... நியூ டவுனுக்கு கார் புக் பண்ணினவள் நான்தான். அதை விட்டுவிட்டு உங்களைப் பற்றி எழுத என்னால் முடியவில்லை.

போய் வாருங்கள்.