சுவரைப் பார்த்து நின்ற பேய்

குகதாசன் சேர் மோசம் போய்விட்டார் என்ற சாவுச் செய்தி வந்தபோது நான் அவர்மீது கோபமாக இருந்தேன். அன்று காலைதான் அவருக்கு எழுதியிருந்தேன்: "சேர், மூண்டு மாசமாய் உங்கடை நரகத்துக்குள்ளை நிக்கிறன். வெளியாலை போற வழியைச் சொல்லுங்கோ." பதில் இல்லை. பத்து மணிபோல நிலைய அலுவலகத்திலிருந்து அழைத்தார்கள். மாரடைப்பு. இதுவும் பதில் சொல்லாமல் தப்பும் வேலை என்றுதான் முதலில் தோன்றியது. அதற்காக இப்போது வெட்கப்படுகிறேன்.

காங்கேசன்துறையில் எங்கள் கணினிப் பயிற்சி நிலையத்தில் அவரோடு படிப்பித்த நீங்கள் அந்த விளையாட்டை மறந்திருக்க மாட்டீர்கள். திரையில் நமது துப்பாக்கி மட்டும் தெரியும். சிவந்த வானத்தின்கீழ் நடந்து, தீப்பந்து எறியும் கொம்புப் பேய்களையும் மிதந்து வரும் ஒற்றைக்கண் உருண்டைகளையும் சுட வேண்டும். பழைய விளையாட்டு, நாமே புதிய கட்டடம் வரைந்து சேர்க்கலாம். மாணவர்களுக்கு வரைபடம் படிப்பிக்க என்று சொல்லி, சேர் எங்கள் நிலையத்தையே அதற்குள் கட்டினார். ஏன் இங்கே என்று கேட்டேன்.

"நரகத்துக்கு வேறை இடம் தேடித் திரியேலுமே, ரீச்சர்?"

பிள்ளைகளுக்குப் பேய் காட்டுகிறார் என்று முறையிட வந்த தாய் ஒருவரையும் அரைமணி நேரம் விளையாட வைத்தே அனுப்பினார். அதிபரிடம் விளக்கம் சொல்லப் போனது நான்.

கட்டியதையாவது ஒழுங்காகக் கட்டினாரா? பல இடங்களில் சுவர்க் கற்களின் வரிசை பிசகியிருந்தது. ஒரு சனிக்கிழமை முழுக்க இருந்து எல்லாவற்றையும் நேராக்கினேன். அவர் வந்து பார்த்துவிட்டுத் தலையில் கை வைத்தார். இரகசியக் கதவைக் காட்டிக்கொடுப்பதே பிசகிய கல்தானாம். கதவுகள் அப்படியே இருந்தன, அடையாளம் போய்விட்டது. வெளியேறும் வழியும் அப்படியொரு கதவுக்குப் பின்னால்தான்.

"நீங்கள் வடிவாக்கினது, நீங்களே தேடுங்கோ. வரைபடத்தைத் திறந்து பாத்தியள் எண்டால் செத்தாலும் உங்களோடை கதைக்கமாட்டன்."

சரி என்று ஒத்துக்கொண்டேன்.

நான் திருத்தாமல் விட்டது ஒன்றுதான். ஆசிரியர் அறையில் ஒரு கொம்புப் பேய் முதுகைக் காட்டிக்கொண்டு சுவரைப் பார்த்து நின்றது. அதைத் திருப்பப் போனேன். "உவனை விடுங்கோ ரீச்சர். உங்களோடை கோவம், அதுதான் அங்காலை பாக்கிறான்" என்றார்.

அவருடைய எட்டுச்செலவுச் சடங்கு முடிந்து வந்த பின்னேரம் கணினியின் முன் இருந்தேன். வரைபடத்தைத் திறந்தால் ஒரு நிமிட வேலை. இனிக் கேட்க யார் இருக்கிறார்கள்? விரல் வரவில்லை. விளையாட்டைத்தான் திறந்தேன். மூன்று மாதமாக அந்தப் பேயை வாசலில் நின்றே சுட்டிருக்கிறேன். அன்று சுட மனம் வரவில்லை. சத்தம் இல்லாததால் அதுவும் திரும்பவில்லை. பக்கத்தில் போய், அது பார்த்துக்கொண்டிருந்த சுவரைத் தள்ளினேன்.

சுவர் மேலே எழுந்தது.

உள்ளே பேய் இல்லை. வெளியேறும் சுவிச் இருந்தது. நான்கு சுவரிலும் ஒரு கல்லும் மற்றக் கல்லோடு பொருந்தவில்லை. என் சனிக்கிழமைக்குப் பிறகு கட்டி, சுவிச்சையும் அங்கே மாற்றிய அறை. முன்பே இருந்திருந்தால் என் கண்ணுக்குத் தப்பியிருக்காது. மூன்று மாதமும் வாய் திறக்காமல் இருந்திருக்கிறார் மனுசன்.

அவருடையதாக என்னிடம் இருப்பது அந்த அறைதான். பார்க்கும்போதெல்லாம் கை துருதுருக்கிறது. இன்னும் ஒரு கல்லையும் நேராக்கவில்லை.