கம்பவுண்டருக்குக் கிடைத்த முகம்

எங்கள் ஊர்ப் படிப்பகத்துக்குப் புதுக் கட்டடம் வந்தபோது, ஊருக்குப் பெருமை சேர்த்த பழைய மனிதர்களின் படங்களை உள்சுவரில் மாட்டுவதென்று முடிவாயிற்று. கள்ளக்குறிச்சியிலிருந்து கல்வராயன் மலைக்குப் போகிற சாலையில், அடிவாரத்தில் இருக்கிற சின்ன ஊர். பேர் வாங்கியவர்கள் என்று தேடினால் அதிகம் தேற மாட்டார்கள். அப்படியும் கமிட்டிக் கூட்டத்தில் சண்டை வந்தது.

"எங்கப்பாவ போடணும்," என்றார் உரக்கடைக்காரர்.

"உங்கப்பா இன்னா பண்ணாரு?" என்று தலைவர் கேட்டார்.

"ஊர்லயே மொத டிராக்டர் வாங்குனவரு."

"வாங்குனாரு. வாங்குன அன்னிக்கே கெணத்துல எறக்குனாரு. அத்தயும் படத்துக்குக் கீழ எழுதிடலாமா?"

சிரிப்பு அடங்கியபின் சிலர் தேறினார்கள். பள்ளிக்கூடத்துக்கு நிலம் எழுதிவைத்த ஓர் அம்மா. மாநில அணியில் கைப்பந்து ஆடிய ஒருவர். கூத்தில் பெண் வேஷம் கட்டி, நைனார்பாளையம் வரைக்கும் ஆட்களை வண்டி கட்டி வரவைத்த ஒருவர். பிறகு கம்பவுண்டர். மருந்துப் பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டு மலைக் கிராமங்களுக்கு நடந்தே ஏறி இறங்கியவர். இள வயதிலேயே மலையில் காய்ச்சல் கண்டு இறந்துபோனார்.

ஒவ்வொருவரைப் பற்றியும் சிறு குறிப்பு எழுதித் தரும் வேலை எனக்கு வந்தது. நான் தினமும் நாட்குறிப்பு எழுதுகிறவன். விசாரிக்காமல் ஒரு வரி எழுத மாட்டேன் என்பது ஊரில் எல்லாருக்கும் தெரியும். எனக்கு சர்க்கரை ஆலையில் அலுவலக வேலை. பிறந்தது அரக்கோணம் பக்கம். வேலைக்காக இங்கே வந்து தங்கிவிட்டவன். கம்பவுண்டருக்கும் எனக்கும் எந்த வழியிலும் உறவு கிடையாது என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

மற்றவர்களுக்கெல்லாம் எப்படியோ படம் கிடைத்தது. கம்பவுண்டருக்குக் கிடைக்கவில்லை. படம் எடுத்தால் ஆயுசு குறையும் என்று அவருடைய அம்மா பயந்து, அவரை எந்தப் போட்டோவுக்கும் நிற்க விடவில்லையாம். கல்யாணத்தில்கூடப் படம் எடுக்கவில்லை. அவர் இறந்ததும் மனைவி மூன்று வயது மகளைத் தூக்கிக்கொண்டு மணலூர்பேட்டையில் இருந்த தாய்வீட்டோடு போய்விட்டார். அந்த மகள் இப்போது உளுந்தூர்பேட்டையில் பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறார். அழைப்பிதழில் இருந்த என் நம்பருக்கு அவரே கூப்பிட்டார்.

"அப்பா படம் கெடைச்சிடுச்சின்னு சொன்னாங்க. நெசங்களா சார்?"

நான் கிடைக்கவில்லை என்று சொல்வதற்குள் அவரே தொடர்ந்தார். "போன்ல அனுப்பிடாதீங்க சார். எனக்கு அவரு மூஞ்சி ஞாபகமே இல்ல. நேர்ல வந்து, சொவத்துல தான் மொதல்ல பாக்கணும். அனுப்பிடாதீங்க." கடையில் யாரோ சாம்பார் கேட்க, போனை வைத்துவிட்டார்.

படம் கிடைத்துவிட்டதென்று யார் சொன்னது என்று புரியாமல், ஆலையிலிருந்து வரும் வழியில் பிளக்ஸ் கடைக்குப் போனேன். கடைக்காரர் இந்தப் பக்கத்தில் பேர் போனவர். இறந்துபோன அப்பா அம்மாவைப் பிள்ளையின் கல்யாணப் போட்டோவில் பட்டு வேட்டி, பட்டுப் புடவையோடு நிற்கவைத்துத் தருவார். படமே இல்லாதவர்களுக்கு, பார்த்தவர்களை உட்கார்த்திக் கேட்டுக் கேட்டு ஒரு முகத்தை உண்டாக்குவார். ஊரில் பல வீடுகளில் அப்படி உண்டான முகங்களுக்குத்தான் மாலை போட்டிருக்கிறது. யாரும் அதைக் குறையாக நினைப்பதில்லை.

திரையில் நான் இருந்தேன்.

வெள்ளைச் சட்டை, பழைய காலத்து வட்டக் கண்ணாடி, எண்ணெய் வைத்துப் படிய வாரிய தலை. ஆனால் கண்ணும் மூக்கும் மீசையும் என்னுடையவை. கன்னத்தில் இருக்கிற மச்சம்கூட.

"யாருங்க இது?" என்றேன்.

"இன்னா சார் இப்பிடி கேக்கறீங்க? கம்பவுண்டரு."

அன்று காலையில் கமிட்டி, கம்பவுண்டரைக் கண்ணால் கண்ட மூன்று பெரியவர்களை அங்கே அனுப்பியிருக்கிறது. ஒருவர் சொன்ன மூக்கை இன்னொருவர் ஒத்துக்கொள்ளவில்லை. அலுத்துப்போன கடைக்காரர், வாட்ஸ்அப் குழுவிலிருந்த ஊர்க் கூட்டத்தின் படத்தைத் திரையில் போட்டு, "இதுல யாரு சாயல்னு கைய வையிங்க, போதும்," என்று சொல்லியிருக்கிறார்.

"மூணு பேரும் ஒங்க மேல தான் சார் வெச்சாங்க. ஒருத்தர ஒருத்தர் கேக்கக்கூட இல்ல. எனக்கே உடம்பு சிலுத்துக்கிச்சி."

அந்த மூவரில் ஒருவரான பழைய தையல்காரரை நேராகப் போய்ப் பார்த்தேன். குறிப்பு எழுதுவதற்காக முன்பு அவரை விசாரித்தபோது, கம்பவுண்டருக்கு மீசை கிடையாது, முகமெல்லாம் அம்மைத் தழும்பு என்று அவர்தான் எனக்குச் சொன்னார். அதை நினைவுபடுத்தினேன்.

"நானா சொன்னேன்?" அவர் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். "தழும்பா? அவருக்கேது தழும்பு? இதே மீசை. இதே மச்சம். சட்டைக்கு அளவெடுக்கறப்ப கழுத்த இப்பிடி சாய்ப்பாரு." என் கழுத்து அப்போது சாய்ந்துதான் இருந்தது. நிமிர்த்திக்கொண்டேன்.

அடுத்த நாள் கடைத்தெருவிலும் பஸ் நிறுத்தத்திலும் அந்தப் படத்தோடு விழா பேனர் ஏறிவிட்டது. அதன்பிறகு நடந்தவற்றைப் பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. ஒவ்வொன்றும் சிறிய விஷயம்தான். கருவாடு விற்கும் அம்மா என்னைக் கண்டதும் கூடையிலிருந்து கையை எடுத்துவிட்டு எழுந்து நின்றார். சந்தைக்குக் கடுக்காய் கொண்டுவந்த மலைக்காரர் ஒருவர், சட்டைக் கையை மேலே ஏற்றி, ஊசிக்கு நீட்டுவதுபோலத் தோளை என் பக்கம் நீட்டினார். நான் தலையை அசைத்ததும், சரி, இன்று மருந்து இல்லை போல, என்கிற மாதிரி கையை இறக்கிவிட்டுப் போனார். என் மனைவி பேனரைப் பார்த்துவிட்டு வந்து சொன்னது: "நீங்க போயி ரொம்ப வருஷம் ஆன மாதிரியும், நான் பழகிட்ட மாதிரியும் இருக்குதுங்க." சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். ஆனால் அன்று சாப்பாடு போடும்போது என் பக்கம் பார்க்கவில்லை.

எனக்குப் பயம் இவர்களைப் பற்றி அல்ல. கம்பவுண்டரை நிஜமாகவே பார்த்தவர்கள், ஒரு படத்தைக் கண்டதும் அவருடைய சொந்த முகத்தைத் தொலைத்துவிட்டார்கள். முகமே நினைவில்லாத மகள் வந்து இதைப் பார்த்தால், சாகிறவரை என் முகத்தைத்தான் அப்பா என்று வைத்திருப்பார். தலைவரிடம் போய், அந்தப் படத்தை மட்டும் எடுத்துவிடச் சொன்னேன்.

"சார், எல்லாப் படமும் பிரேம் போட்டு மாட்டியாச்சி. ஒண்ண எடுத்தா ஆணி தெரியும்."

"ஆணி தெரிஞ்சா தெரியட்டுங்க. அது பொய் முகம்."

"அந்தம்மா ஆசையா வந்து பாத்துட்டு, ஒரு கும்பிடு போட்டுட்டுப் போகட்டும். ஒங்களுக்கு இன்னா கொறஞ்சிது? நீங்களே வாயத் தொறக்காத வரிக்கும் யாரு சொல்லப்போறா?"

நானே வாயைத் திறப்பது என்று முடிவு செய்தேன். விழா அன்று காலையில் பஸ் நிறுத்தத்தில் இருந்த பேனரை அவிழ்த்து மடித்து டீக்கடைக்குப் பின்னால் வைத்துவிட்டுக் காத்திருந்தேன். அவர் இறங்கினார். ஐம்பது வயதைத் தாண்டியவர், பட்டுப் புடவை, கையில் மல்லிகைப் பூச்சரம் சுற்றிய வாழையிலைப் பொட்டலம். நான்தான் போனில் பேசியவன் என்று சொல்லி, டீக்கடை பெஞ்சில் உட்காரவைத்து, நடந்ததை ஒன்று விடாமல் வரிசையாகச் சொன்னேன். உள்ளே போகாமலிருந்தால் நல்லது என்றும் சொன்னேன்.

அவர் குறுக்கிடாமல் கேட்டார். பிறகு, "உள்ள மாட்டி இருக்கறது ஒங்க மூஞ்சி. அப்பிடித்தானே?" என்றார்.

"ஆமாங்க."

"அப்ப நான் பாத்துட்டேனே சார்."

காலையிலிருந்து அத்தனை யோசித்தவனுக்கு அது தோன்றவேயில்லை. கையால் முகத்தை மூடிக்கொள்ள வேண்டும்போல இருந்தது. மூடினாலும் பயன் இல்லை. அவர் என்னைத் திட்டவில்லை. வைத்த கண்ணை எடுக்க முடியாமல், நெற்றியிலிருந்து தாடை வரைக்கும் மெல்லப் பார்த்துக்கொண்டே போனார். தையல்காரரும் இப்படித்தான் பார்த்தார்.

"பேசாதீங்க," என்றார் திடீரென்று. "கொரலும் ஒட்டிக்கப்போவுது."

டீ ஆறிப்போயிற்று. தூரத்தில் படிப்பகத்தில் மைக் சோதித்துக்கொண்டிருந்தார்கள்.

"என்கிட்ட அவரு ஞாபகம் ஒண்ணே ஒண்ணு தான் இருக்குது சார். சைக்கிள்ல பின்னாடி குந்த வெச்சிக்கினு போவாரு. அவரு முதுகு. சட்டை காத்துல உப்பிக்கும், நான் அமுக்குவேன். மறுபடியும் உப்பிக்கும். அவ்ளோ தான். மூஞ்சி போச்சி, போவட்டும், அது எப்பவும் என்கிட்ட இருந்ததில்ல. அந்த முதுகு இருக்குதா, அத்தயும் நீங்க எடுத்துக்கினீங்களான்னு பாக்கணும். எழுந்திரிங்க. திரும்புங்க."

எழுந்து திரும்பி நின்றேன். எதிரில் சாலையும் அதற்கப்பால் மலையும். என் சட்டை காற்றில் அசைந்தது. அதை அழுத்திப் பிடிக்கத் தோன்றியும் கையைத் தொங்கவிட்டேன். ஒரு பார்வை கழுத்திலிருந்து கீழே இறங்குவது எனக்குத் தெரிந்தது. டீக்கடைக்காரர்கூட டம்ளர் கழுவுவதை நிறுத்திவிட்டார். அந்த அம்மா ஆமாம் என்று சொல்லிவிட்டால் என்ன செய்வது என்று நினைத்தேன். எனக்கென்று என்ன மிஞ்சும் என்றும் நினைத்தேன்.

விரல்கள் என் சட்டையின் நடுவே லேசாகப் பட்டு, உடனே விலகின.

"இல்ல," என்றார். "இது இல்ல. அவருது வேற. அது அப்பிடியே இருக்குது."

நான் மூச்சு விட்டேன்.

"சார், கோச்சிக்காதீங்க. இப்பிடியே போயிடுங்க. திரும்பாதீங்க. இன்னொருவாட்டி ஒங்க மூஞ்சியப் பாத்தன்னா அது கெட்டியா குந்திக்கும்."

நடந்தேன். பூப்பொட்டலத்தை அவர் என்ன செய்தார் என்று பார்க்கவில்லை. படிப்பகத்தைத் தாண்டும்போது, கம்பவுண்டரின் மகள் எங்கிருந்தாலும் மேடைக்கு வரும்படி தலைவர் மைக்கில் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். நான் உள்ளே போகவில்லை. ஊரைத் தாண்டி வந்தபின் பின்னால் பஸ் ஹாரன் கேட்டது. கள்ளக்குறிச்சி போகிற வண்டி. அவர் எந்தப் பக்கத்து ஜன்னலில் உட்கார்ந்திருப்பார் என்று தெரியவில்லை. சாலையோரமாக ஒதுங்கி, அது முழுதாகக் கடந்துபோகிற வரைக்கும் மரவள்ளிக் காட்டைப் பார்த்தபடி நின்றேன்.