மாடியில் எழுதிக்கொண்டிருந்தவர்

காஞ்சிபுரம் செவிலிமேட்டில் வீடு கட்டியபோது மாடியில் ஓர் அறை போட்டேன், துணைக்கு யாராவது இருக்கட்டும் என்றுதான். பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளோடு கத்திவிட்டு வந்தால் வீட்டில் பேச ஆளில்லை. வந்த குடித்தனக்காரர்கள் என் வாய்க்குப் பயந்து மூன்றே மாதத்தில் ஓடினார்கள். ஓடாமல் நின்றவர் குரோஷியாவிலிருந்து வந்த ஓர் எழுத்தாளர். என்னைவிடப் பத்து வயது மூத்த பெண்மணி.

அவர் நாட்டில் சண்டை ஓய்ந்து சில வருடங்கள்தான் ஆகியிருந்தன. கடலோரத்து வீடு குண்டு விழுந்து போயிற்று, கணவரும் போய்விட்டார். இத்தனை ஊர் இருக்க ஏன் காஞ்சிபுரம் என்று கேட்டேன். "இங்கே என்னைத் தெரிந்தவர்கள் யாருமில்லை" என்றார். காலையில் பென்சிலைச் சீவிக்கொண்டு உட்கார்ந்தால் மத்தியானம்வரை எழுதுவார். பக்கத்து வீட்டுத் தறிச் சத்தம் அவருக்குப் பழகிவிட்டது. அமாவாசைக்குத் தறி ஓய்ந்தால் அவருக்கும் எழுத வராது.

"இன்னா டீச்சர், அந்தம்மா எழுதிக்கினே இருக்குது. அம்மாம் லெட்டரு யாருக்குமா?" என்று பால்காரம்மா கேட்டாள்.

"லெட்டர் போட ஆளில்லாமதாம்மா கதை எழுதறாங்க" என்றேன்.

சாயங்காலம் கீழே வந்து, எழுதியதை எனக்கு ஆங்கிலத்தில் சொல்லுவார். எல்லாம் ஊரைவிட்டு ஓடியவர்களின் கதைகள். அடுப்பில் ரொட்டியை விட்டுவிட்டு ஓடிய ஒருத்தி, கடைசிவரை அந்த ரொட்டியைப் பற்றியே பேசுவாள். "முடிவே இல்லையே, இதெல்லாம் ஒரு கதையா?" என்று சண்டை பிடிப்பேன். அவர் சிரிப்பார். அந்த எட்டு மாதம் நான் சந்தோஷமாக இருந்தேன்.

ஒருநாள் காலை பெட்டியோடு இறங்கி வந்தார். "புத்தகம் முடிந்தது, கிளம்புகிறேன்" என்றார். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. ஊருக்கா, வேறெங்காவதா? கேள்வி நாக்கு நுனிவரை வந்தது. ஆனால் கிளம்புகிறவர்களை எங்கே என்று கேட்டால் போகிற காரியம் விளங்காது என்று சொல்லிச் சொல்லி வளர்க்கப்பட்டவள் நான். வாயை இறுக மூடிக்கொண்டேன். அவர் வாசலில் நின்று என் முகத்தையே பார்த்தார். ஆட்டோக்காரர் ஹார்ன் அடித்தார், ஏறிப் போய்விட்டார். விலாசம் எழுதுவார் என்று காத்திருந்தேன். ஒரு வரி வரவில்லை. நன்றி கெட்டவள் என்று எத்தனை நாள் திட்டியிருப்பேன்!

ஆறு வருடம் கழித்து ஒரு பார்சல் வந்தது. அவர் கதைகளின் ஆங்கிலப் புத்தகம். ஆசிரியர் காலமாகிவிட்டார், யார் யாருக்குத் தரவேண்டும் என்று அவர் எழுதிவைத்தபடி அனுப்புகிறோம் என்று பதிப்பகத்தார் சீட்டு வைத்திருந்தார்கள். கடைசிக் கதை என் வீட்டில் நடந்தது. ஒருத்தி பெட்டியோடு படியிறங்குகிறாள். எங்கே போகிறாய் என்று வீட்டுக்காரி ஒரு வார்த்தை கேட்டால் மாடிக்கே திரும்பிவிடலாம் என்று நிற்கிறாள். வீட்டுக்காரி கேட்கவில்லை.

"அடிப்பாவி, நீ நல்லபடியா போய்ச் சேரணும்னுதானே கேக்கல!" என்று புத்தகத்தைப் பார்த்துக் கத்தினேன். அப்புறம் அழுதேன்.

இப்போதெல்லாம் யார் கிளம்பினாலும் எங்கே என்று கேட்டுவிடுகிறேன். சகுனம் கெட்டது என்று முகம் சுளிக்கிறார்கள். சுளிக்கட்டும்.